கௌரவக் கொடுப்பனவும் கடனே

(தொண்டராசிரியர்களும், முன்பள்ளி ஆசிரியர்களும், தோட்டப் பாடசாலைகளில் ஆசிரிய உதவியாளராய்ப் பணிபுரிந்தோரும் கூடிய கூட்டமொன்றில் சட்டத்தரணி ஒருவர் ஆற்றிய உரை)



சென்ற ஆண்டு ஒரு மாலைப் பொழுதில் நான்கு ஆசிரியைகள் என் அலுவலகத்துக்கு வந்தார்கள். ஒரு பொது நிறுவனத்தின் கீழ் சிறு பிள்ளைகளுக்குக் கற்பித்தவர்கள். அந்நிறுவனத்தின் பெயர் இங்கு வேண்டாம். மாதந்தோறும் தருவதாக எழுத்தில் சொல்லப்பட்ட கௌரவக் கொடுப்பனவு பதினொரு மாதம் வரவில்லை. அவர்கள் கொண்டுவந்த துணிப்பையைத் திறந்து மேசைமேற் கொட்டியபோது மனுக்களின் பிரதிகள் குவிந்தன. வலயப் பணிமனைக்கு ஒன்று, மாகாண அமைச்சுக்கு ஒன்று, ஆளுநருக்கு இரண்டு, பாராளுமன்ற உறுப்பினர்களுக்குப் பல. ஏறக்குறைய எல்லாவற்றிலும் ‘கிடைத்தது’ என்ற முத்திரை குத்தப்பட்டிருந்தது. அவர்களுக்குக் கிடைக்கவேண்டியது மட்டும் கிடைக்கவில்லை.

அவர்களுள் மூத்தவர் கேட்டார்: “ஐயா, எங்கள் பக்கம் நியாயம் இருக்கிறதா?”

“நியாயம் இருக்கிறது அம்மா. நாள்தான் இல்லை” என்றேன்.

கடைசி மறுப்புக் கடிதம் அவர்கள் கைக்கு வந்து பதினான்கு மாதங்கள் கடந்திருந்தன. உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுத் தாக்கல் செய்ய அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரை கொடுத்திருக்கும் காலம் ஒரே ஒரு மாதம். அந்த ஒரு மாதத்தை அவர்கள் அரசியல்வாதிகளின் வாசற்படியிற் செலவழித்துவிட்டார்கள். அந்த வாசற்படிகளுள் என் கட்சிக்காரர் ஒருவருடைய வாசற்படியும் ஒன்று. அதனாலேயே இன்று உங்கள் முன் நிற்கிறேன். சட்டத்தரணியாகப் பேசவேண்டியதைப் பேசுவேன். அரசியல் வேலை செய்பவனாக ஏற்கவேண்டிய பழியையும் ஏற்பேன்.

முதலில் இந்தப் பெயரைப் பாருங்கள். கௌரவக் கொடுப்பனவு. நிரந்தர ஆசிரியர் பெறுவது சம்பளம். நீங்கள் பெறுவது கௌரவம். பாடத்திட்டம் ஒன்று, மணியோசை ஒன்று, கரும்பலகை ஒன்று, வருகின்ற பிள்ளையும் ஒன்று. மாதமுடிவில் மாத்திரம் ஒருவருக்குச் சம்பளம், மற்றவருக்குக் கௌரவம். இந்தப் பெயரை வைத்தவர்கள் அறியாமல் வைத்தவர்கள் அல்லர். சம்பளம் என்றால் கேட்கும் உரிமை கூடவே வந்துவிடும். கௌரவம் என்றால் கொடுப்பவர் பெருமனத்தோடு கொடுப்பது, கொடாவிட்டால் கேட்பது மரியாதைக் குறைவு என்ற எண்ணம் வாங்குபவரின் நெஞ்சிலேயே குடிகொண்டுவிடும். அலுவலகத்தில் ஓர் எழுதுவினைஞர் “உங்களுடையது சம்பளமில்லையே, அலவன்ஸ்தானே” என்று சொன்னால் நம் ஆசிரியை தலைகுனிந்து திரும்பிவிடுகிறாள்.

வேலையைச் செய், இவ்வளவு தருகிறேன் என்று ஒருவர் சொல்ல, மற்றவர் அவ்வேலையைச் செய்து முடித்தால் அங்கே கடன் பிறக்கிறது. அதற்குச் சம்பளம் என்று பெயரிடுங்கள், படி என்று பெயரிடுங்கள், கௌரவம் என்று பெயரிடுங்கள், கடன் கடன்தான். சொன்னவர் அரசாங்கமாயிருந்தால் மட்டும் கடன் கருணையாக மாறிவிடுமா? இக்கேள்விக்கு இந்நாட்டிலேயே விடை உண்டு. அந்த விடையைப் பெற்றுத் தந்தவர் ஒரு தமிழர், அரசாங்க எழுதுவினைஞர்.

கோடீஸ்வரன் வழக்கு என்ற பெயரை மூத்தவர்கள் கேட்டிருப்பீர்கள். சிங்களம் மட்டும் சட்டத்துக்கு எதிரான வழக்கு என்றே அதை நினைவில் வைத்திருக்கிறோம். அது சரியே. ஆனால் அவ்வழக்கு வெளித்தோற்றத்தில் என்ன வழக்கு? ஓர் எழுதுவினைஞர் தமக்கு வரவேண்டிய சம்பள ஏற்றத்தைக் கேட்ட வழக்கு. 1956ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க அரசகரும மொழிச் சட்டத்தை நடைமுறைப்படுத்தத் திறைசேரி 1961 டிசம்பரில் ஒரு சுற்றுநிருபம் விடுத்தது. அது வேண்டிய சிங்களத் தகைமையைக் கோடீஸ்வரன் பெற்றிருக்கவில்லை. 1962இல் வரவேண்டிய ஏற்றம் நிறுத்தப்பட்டது. அவர் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் சட்டமா அதிபரைப் பிரதிவாதியாக்கி வழக்கிட்டார். 1964இல் மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிறெற்சர் அவர் பக்கம் தீர்ப்பளித்தார். சோல்பரி அரசியலமைப்பின் 29ஆம் பிரிவுக்கு அம்மொழிச் சட்டம் முரணானது என்றும் சொன்னார்.

அரசாங்கம் மேன்முறையீடு செய்தது. அங்கே அரசின் தரப்பு முன்வைத்த ஒரு வாதத்தை நீங்கள் நன்றாகக் கவனிக்கவேண்டும். அரச ஊழியன் முடிக்குரிய அரசின் விருப்பம் உள்ளவரையே பதவி வகிக்கிறான், ஆகையால் தன் ஊதியத்துக்காக அவ்வரசின்மீது வழக்கிட அவனுக்கு உரிமையே இல்லை என்பது அவ்வாதம். பணம் தரவேண்டுமா வேண்டாமா என்ற விசாரணைக்கே இடமில்லாமற் செய்யும் வாதம் இது. 1967இல் உயர் நீதிமன்றம் அதை ஏற்றுக்கொண்டது. பிரதம நீதியரசர் எச். என். ஜி. பெர்னாண்டோவின் தீர்ப்பின்படி அரச ஊழியனின் ஊதியத்துக்கு நீதிமன்ற வாசல் அடைபட்டது. மொழிச் சட்டம் செல்லுமா என்ற வினாவுக்குள் அம்மன்று இறங்கவேண்டிய அவசியமே ஏற்படவில்லை.

கோடீஸ்வரன் அங்கு நிற்கவில்லை. வழக்கு இலண்டனுக்குச் சென்றது. 1969 டிசம்பர் 11ஆந் திகதி கோமறைக் கழகம், அதாவது பிரிவிக் கவுன்சில், உயர் நீதிமன்றத்தின் தீர்ப்பைப் புரட்டியது. தீர்ப்பை வழங்கியவர் டிப்லொக் பிரபு. இந்நாட்டில் ஒப்பந்தத்தின்பேரில் அரசின்மீது வழக்கிடும் உரிமை பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே வேரூன்றிவிட்டது. 1884ஆம் ஆண்டின் சீமான் அப்பு வழக்கு அதற்குச் சான்று. அரச ஊழியனைப் பதவியிலிருந்து நீக்கும் அதிகாரம் வேறு, அவன் ஏற்கெனவே உழைத்து ஈட்டிய ஊதியத்தைக் கொடாது விடும் அதிகாரம் வேறு. முன்னது இருப்பதால் பின்னது இருப்பதாகாது. உழைத்த காலத்துக்குரிய ஊதியம் அவன் வழக்கிட்டுப் பெறக்கூடிய கடன். 1926இல் ஸ்கொத்லாந்தில் மல்வென்னா என்பவரின் வழக்கில் எழுந்த மறுபட்ட கருத்தும் தவறானது என்று அத்தீர்ப்பு தள்ளிவிட்டது.

மொழிச் சட்டம் பற்றிய வினாவைக் கோமறைக் கழகம் தான் தீர்க்காமல் உயர் நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பியது. அவ்வினாவுக்கு இன்றுவரை விடை கிடையாது. 1971இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு நிறுத்தப்பட்டது. 1972இல் 29ஆம் பிரிவே இல்லாத அரசியலமைப்பு வந்தது. தமிழ் பேசும் மக்கள் இவ்வழக்கைப் பாதி வெற்றி என்று எண்ணி மறந்துவிட்டதற்கு இதுவே காரணம். நாம் மறந்த அந்த மற்றப் பாதிதான் இன்று உங்களுக்கு வேண்டியது. அது சிங்களவருக்கும் தமிழருக்கும் முஸ்லிம்களுக்கும் பொதுவான வெற்றி. அனுராதபுரத்தில் ஒரு சிங்கள ஆசிரியர் தமது நிலுவைக்காக வழக்கிட்டாலும், தமிழ் எழுதுவினைஞர் ஒருவர் திறந்துவிட்ட வாசல் வழியாகவே உள்ளே செல்வார்.

அயல்நாட்டையும் சிறிது பார்ப்போம். இந்தியத் தீர்ப்புகள் நம் நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தமாட்டா. ஆனால் நீதியரசர்கள் அவற்றைப் படிக்கிறார்கள். அரச ஊழியன் சம்பள நிலுவைக்கு வழக்கிடலாம் என்பதை அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 1954இலேயே, பீகார் அரசாங்கத்துக்கும் அப்துல் மஜீத் என்ற பொலிஸ் அதிகாரிக்கும் இடையிலான வழக்கில், சொல்லிவிட்டது. நமக்கு இன்னும் நெருக்கமானது 2022 ஏப்ரலில் வந்த மணிபென் வழக்கு. குஜராத்தின் அங்கன்வாடி ஊழியைகள், சிறு பிள்ளைகளுக்குப் போசாக்கும் முன்பள்ளிக் கல்வியும் அளிப்பவர்கள், ஓய்வுகாலப் பணிக்கொடை கேட்டார்கள். நீங்கள் பெறுவது கௌரவ ஊதியம், சம்பளமன்று, ஆகவே சட்டம் உங்களுக்குப் பொருந்தாது என்றது எதிர்த்தரப்பு. நீதியரசர்கள் அஜய் ரஸ்தோகி, அபய் ஓகா ஆகிய இருவரும் அதை ஏற்கவில்லை. கௌரவ ஊதியம் என்று பெயரிட்டாலும் பணிக்கொடைச் சட்டத்தின் கண்ணில் அது ஊதியமே என்றார்கள். அதே ஊழியைகள் அரசபதவி வகிப்பவர் அல்லர் என்று முன்னர் அமீர்பி வழக்கில் கூறப்பட்டிருந்ததையும் மறைக்காமற் சொல்கிறேன். ஆகவே பணத்தைப் பெறும் உரிமை ஒன்று, பதவியைப் பெறும் உரிமை வேறொன்று. இவ்விரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்ளாதீர்கள். நிலுவைக்காக வெற்றிகொண்ட வழக்கு நிரந்தர நியமனக் கடிதத்தைக் கொண்டுவராது.

நம் வீட்டுக்கு வருவோம். 2014இல் மலையகத் தோட்டப் பாடசாலைகளுக்கென்று ஆயிரக்கணக்கான இளைஞரும் யுவதிகளும் ஆசிரிய உதவியாளராகச் சேர்க்கப்பட்டார்கள். மாதம் 6,000 ரூபா. அப்போது நடைமுறையிலிருந்த 2013ஆம் ஆண்டின் கூட்டு ஒப்பந்தப்படி, வரவுக்குரிய படியும் சேர்ந்து வந்தால், ஒரு தோட்டத் தொழிலாளியின் நாட்சம்பளம் 620 ரூபா. கணக்குப் பாருங்கள்: மலையில் கொழுந்து பறித்த தாய் பத்து நாளில் உழைத்ததை, அவள் வயிற்றைக் கட்டிப் படிக்கவைத்த மகள் ஒரு மாதம் கரும்பலகை முன் நின்று உழைத்தாள். பஸ் கட்டணத்துக்கும் வாடகை அறைக்கும் தாயிடமே கையேந்தினாள். பின்னர் அத்தொகை 10,000 ரூபாவாக்கப்பட்டது. பயிற்சி முடித்தவர்கள் படிப்படியாகச் சேவையில் உள்வாங்கப்பட்டார்கள். இதை ஒரு சலுகையாகப் பாராட்டி மேடையில் மாலை போட்டவர்களும் உண்டு. நான் அந்த மேடைகளுக்குப் போகவில்லை என்று மார்தட்டமாட்டேன், ஒன்றுக்குப் போனேன்.

வன்னியில் வேறொரு கதை. யுத்தம் முடிந்தபின் கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பகுதிகளில் முன்பள்ளிகள் பல சிவில் பாதுகாப்புத் திணைக்களத்தின் கீழ்க் கொண்டுவரப்பட்டன. பாதுகாப்பு அமைச்சின் திணைக்களம் அது. அங்கே சேர்ந்த ஆசிரியை, மாகாண நிருவாகத்தின் கீழ் நின்ற ஆசிரியையைவிடப் பன்மடங்கு சம்பளம் பெற்றாள். முன்பள்ளிகளின் முகாமையை மேற்பார்வை செய்வது பதின்மூன்றாம் திருத்தத்தின்படி மாகாணத்துக்குரிய விடயம். பிள்ளைக்கு ‘அ’ எழுதக் கற்பிப்பதற்குப் பாதுகாப்பு அமைச்சு கொடுத்த விலைக்கும் கல்வி நிருவாகம் கொடுத்த விலைக்கும் இடையே இருந்த பள்ளம், பசித்த ஆசிரியையை எந்தப் பக்கம் தள்ளும் என்பதைச் சொல்லவும் வேண்டுமா? அங்கே போன சகோதரிகளை நான் குறைகூறவில்லை. பள்ளத்தை வெட்டியவர்களையே குறைகூறுகிறேன். சமத்துவத்தைக் கூறும் 12(1)ஆம் உறுப்புரையின் கீழ் இதை வாதிக்க முடியுமா என்று பலர் கேட்கிறார்கள். வாதிக்கலாம். ஆனால் இருவரையும் வேலைக்கமர்த்தியவர் வேறுவேறு என்ற பதில் வரும். அது இலகுவில் உடைக்கக்கூடிய பதிலன்று. வழக்குரைஞன் உங்களிடம் கைதட்டல் வாங்குவதற்காக இதை மறைக்கக்கூடாது.

தொண்டராசிரியர்களே, உங்களுக்கும் ஒரு கசப்பான வார்த்தை. எந்தக் கொடுப்பனவும் தருவதாக எவரும் சொல்லாமல், அதிபர் கேட்டார், பிள்ளைகள் காத்திருந்தார்கள் என்பதற்காகவே யுத்த காலத்தில் வகுப்பறைக்குள் நுழைந்தவர்கள் உங்களிற் பலர். உங்கள் தியாகத்துக்கு இந்தச் சமூகம் என்றும் கடன்பட்டது. ஆயினும் சமூகம் பட்ட கடன் வேறு, நீதிமன்றத்திற் காட்டக்கூடிய கடன் வேறு. வாக்குறுதி இல்லாத இடத்தில் ஒப்பந்தம் இல்லை. பிறர் உழைப்பால் நியாயமின்றி நன்மை பெற்றவர் ஈடுசெய்யவேண்டும் என்ற கொள்கை நம் ரோமன்-டச்சுச் சட்டத்தில் உண்டுதான். அந்தத் தடம் குறுகியது, வழுக்கலானது. உங்கள் விடயத்தில் அரசியற் போராட்டமே பெரிய வழி. வாக்குறுதி எழுத்தில் உள்ளவர்களுக்குச் சொல்வதை நீங்கள் அப்படியே உங்களுக்கென எடுத்துக்கொண்டு நாளைக்கு ஏமாறவேண்டாம்.

எந்த நீதிமன்றம் என்ற கேள்விக்கு வருகிறேன். தொழில் நியாய சபைக்குப் போகலாமே என்று தொழிற்சங்க நண்பர்கள் சொல்வார்கள். அரசையே வேலைகொள்வோராக உடையவருக்குக் கைத்தொழிற் பிணக்குச் சட்டம் பொருந்தாது. அந்த வாசலில் நேரத்தை வீணாக்காதீர்கள். எழுத்தாணை கேட்டு மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கோ, மாகாண விடயமாயின் மாகாண மேல் நீதிமன்றத்துக்கோ செல்லலாம். ஆனால் வெறும் ஒப்பந்தக் கடனை வசூலிக்க எழுத்தாணை கிடைப்பதில்லை. சட்டம் விதித்த ஒரு கடமையை அதிகாரி செய்யத் தவறினார் என்று காட்டவேண்டும். ஒருவருக்குக் கொடுத்து மற்றவருக்கு மறுத்தார்கள், அல்லது எழுத்தில் ஓர் எதிர்பார்ப்பை உண்டாக்கிவிட்டுக் காரணமின்றிக் கைவிட்டார்கள் என்றால் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு. அதற்கு ஒரு மாதம். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிட்டால், அங்கு விசாரணை நடக்கும் காலம் 1996ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி கணக்கிற் சேராது. முறைப்பாடு கொடுத்ததோடு விட்டுவிட்டு உறங்கினால் அந்தப் பாதுகாப்பும் உதவாது. விசாரணை உண்மையில் நடக்கிறதா என்று நீதிமன்றம் கேட்கும்.

இவை எல்லாம் தவறிப்போனாலும் கோடீஸ்வரன் சென்ற பழைய பாதை இருக்கிறது. மாவட்ட நீதிமன்றம். பணம் வரவேண்டிய வெறுங்கடன் வழக்கு. சட்டமா அதிபருக்கு எதிராக வழக்கிடமுன் ஒரு மாத முன்னறிவித்தல் கொடுக்கவேண்டும். உங்களை அமர்த்தியது ஒரு பிரதேச சபையோ நகர சபையோ ஆயின் அச்சபையே பிரதிவாதி. அவற்றுக்குத் தனி விதிகள் உண்டு, காலம் இன்னும் குறுகலாம். காலவெல்லையை வகுக்கும் கட்டளைச் சட்டத்தின்படி எழுத்தொப்பந்தத்துக்கு ஆறாண்டு, எழுதாத ஒப்பந்தத்துக்கு மூன்றாண்டு. ஆனால் செய்த வேலைக்கான கூலி என்று எதிர்த்தரப்பு வாதித்து வென்றால் ஓராண்டுதான். ஆறாண்டு இருக்கிறதே என்று படுத்துக்கொள்ளாமல் ஓராண்டே உண்டு என்று எண்ணி நடவுங்கள். அன்று வந்த நான்கு சகோதரிகளுக்கும் கடைசியில் இப்பாதையையே காட்டினேன். முதல் மாதங்களின் பணம் கைநழுவியிருக்கலாம். மிகுதிக்கு முன்னறிவித்தல் அனுப்பியாயிற்று.

இனி, எல்லோர் மனத்திலும் இருந்தும் எவரும் வாய்விட்டுக் கேளாத கேள்வி. வழக்குப் போட்டால் நாளைக்கு வரும் நிரந்தர நியமனப் பட்டியலில் என் பெயரை வெட்டிவிடுவார்களோ? இந்த அச்சத்தைக் கோழைத்தனம் என்று சொல்ல எனக்கு வாய் வராது. நான் வழக்காடிச் சாப்பிடுகிறேன். நீங்கள் பட்டியலைப் பார்த்துக்கொண்டு சாப்பிடாமல் இருக்கிறீர்கள். ஆயினும் அச்சத்துக்கும் ஒரு கணக்கு உண்டு. தனியொருவர் வழக்கிட்டால் அவர் பெயர் தெரியும். நாற்பது பேர் ஒரே மனுவிற் கையொப்பமிட்டால் நாற்பது பெயரையும் வெட்டிவிட்டு அந்த வலயத்தில் யாரை வைத்துப் பள்ளி நடத்துவார்கள்? வழக்கிட்டதற்காக ஒருவரைப் பழிவாங்கினால் அதுவே 12ஆம் உறுப்புரையின் கீழ் இரண்டாவது வழக்காகும். அன்றியும், மௌனமாயிருந்தவர்களின் பெயர் பட்டியலில் எப்போதாவது தானாக மேலே ஏறியதை நீங்கள் கண்டிருக்கிறீர்களா?

நம் அரசியல்வாதிகளின் பங்கையும் சொல்லாமல் விடமுடியாது. கொடுப்பனவு வராத ஆசிரியை எங்கள் வாசலுக்கு வருகிறாள். நாங்கள் ஒரு கடிதம் எழுதிக் கொடுக்கிறோம். அவள் நன்றியோடு போகிறாள். அடுத்த மாதம் மீண்டும் வருகிறாள், மீண்டும் கடிதம். ஒவ்வொரு கடிதமும் எங்களுக்கு ஒரு வாக்கு. அவள் நேராக நீதிமன்றம் சென்று உரிமையோடு வாங்கிவிட்டால் எங்களுக்கு என்ன மிச்சம்? இப்படி எண்ணி எவரும் வேண்டுமென்று செய்வதில்லை. செய்தபின் பார்த்தால் இப்படித்தான் முடிந்திருக்கிறது. ஆகவே இனி எங்கள் கட்சியின் கிளை அலுவலகத்துக்கு நிலுவை முறைப்பாட்டோடு வரும் எவருக்கும் சிபாரிசுக் கடிதம் எழுதுமுன் மறுப்புக் கிடைத்த திகதியைக் கேட்டுக் குறித்துக்கொள்ளவேண்டும் என்று கிளைச் செயலாளர்களிடம் கூறியிருக்கிறேன். சிலர் முகம் சுளித்தார்கள். சுளிக்கட்டும்.

நீங்கள் கைவசம் வைத்திருக்கவேண்டியவை: உங்களைச் சேர்த்த கடிதம். சிங்களத்தில் இருந்தாலும் வீசிவிடாதீர்கள்; பல தமிழாசிரியர்கள் விளங்கவில்லை என்று அதைப் பெட்டியின் அடியிற் போட்டு, கறையானுக்குக் கொடுத்திருக்கிறார்கள். கோடீஸ்வரன் வழக்கிட்டு அறுபது ஆண்டு கடந்தும், தமிழும் அரசகரும மொழி என்று 1987இல் எழுதிய பின்னும், இந்த நிலை. அடுத்தது பாடசாலை வரவுப் பதிவேட்டின் பிரதி. அதிபர் தரமாட்டேன் என்றால் 2016ஆம் ஆண்டின் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் எழுத்தில் கேளுங்கள். பதினான்கு வேலைநாட்களுக்குள் தருவதா இல்லையா என்று அவர்கள் சொல்லியாகவேண்டும். வங்கிப் புத்தகம்: முன்பு பணம் வந்த மாதங்களின் பதிவே, வராத மாதங்களுக்கு எதிரான சாட்சி. சம்பவத்திரட்டுப் புத்தகத்தில் உங்கள் பெயர் வரும் பக்கங்களையும் குறித்துக்கொள்ளுங்கள். வாயால் மறுத்தால் அன்றே பதிவுத் தபாலில் எழுதி, இன்ன நாளில் இன்னார் இவ்வாறு மறுத்தார் என்று பதியவையுங்கள், பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள்.

மண்டபத்தின் பின்புறம், தண்ணீர்ப் பானைக்கு அருகே, இளம் சட்டத்தரணிகள் இருவர் மேசை போட்டு அமர்ந்திருக்கிறார்கள். கட்டணம் கேட்கமாட்டார்கள். பெயர், பாடசாலை, கொடுப்பனவு நின்ற மாதம், கடைசி மறுப்பு வந்த திகதி ஆகிய நான்கையும் சொல்லிப் பதிந்துவிட்டுப் போங்கள். மறுப்பு வந்து ஒரு மாதம் ஆகாதவர்கள் மற்றவர்களுக்கு முன்னே வரிசையில் நிற்கட்டும். அவர்களுக்கு மூத்தோரும் வழிவிடுங்கள்.